ஆக்‌ஷன் ஆர்பிஜிக்குக் கூட்டாளி தேடுவது எப்படி? முழுமையான வழிகாட்டி

ஆக்‌ஷன் ஆர்பிஜி (கதாபாத்திரத்தை லெவல் லெவலாக வளர்த்துக்கொண்டே சண்டையிடும் கேம்) ஒன்றைத் தொடங்கி, கதையில் பாதி தூரம் தனியாக வந்து, 'இனி யாராவது கூட இருந்தால் நன்றாயிருக்கும்' என்று தோன்றும்போதுதான் சிக்கல் தெரியும். பிசி கேம் தளமான ஸ்டீமில் பார்த்தால் அதே நேரத்தில் பல ஆயிரம் பேர் அந்த கேமை ஆடிக்கொண்டிருக்கிறார்கள். உங்கள் லாபியிலோ (ஆட்டத்துக்கு ஆட்கள் கூடும் இடம்) நீங்கள் தனியாக உட்கார்ந்து ஈ ஓட்டிக்கொண்டிருக்கிறீர்கள்.

இதற்குப் பெரும்பாலும் ஆள் பஞ்சம் காரணம் இல்லை. இந்த வகை கேம்கள் ஆட்டக்காரர்களைப் பல அறைகளாகப் பிரித்து வைக்கின்றன: பிசியா கன்சோலா, எந்த சர்வர், எந்த சீசன், என்ன லெவல், கதையில் எங்கே. வேறு வேறு அறையில் நிற்பவர்கள் ஒருவர் கண்ணில் ஒருவர் படுவதே இல்லை. அதனால் முதலில் நீங்கள் எந்த அறையில் நிற்கிறீர்கள் என்று தெரிந்துகொள்ள வேண்டும். பிறகு அதை மற்றவர்களுக்குப் புரியும்படி சொல்ல வேண்டும். கடைசியாக, கிடைத்த ஆளைத் தக்கவைத்துக்கொள்ள வேண்டும். இந்தக் கடைசி வேலையை நிறையப் பேர் விட்டுவிடுகிறார்கள். அப்புறம் ஒவ்வொரு வாரமும் தேடலை முதலிலிருந்து தொடங்குகிறார்கள்.

படி 1: உங்கள் கேம் ஆட்களை எப்படிச் சேர்க்கிறது?

எல்லா கேமுக்கும் ஒரே வழி பொருந்தாது. டயப்லோ 4, பாத் ஆஃப் எக்ஸைல், லாஸ்ட் எபாக் போன்றவற்றில் எல்லோரும் நிறுவனத்தின் சர்வரில் இருக்கிறார்கள். அழைப்பு அனுப்பி, பார்ட்டி (குழு) சேர்த்து, ஒரே பகுதிக்குள் நுழைந்தால் போதும். டயப்லோ 4, லாஸ்ட் எபாக் இரண்டிலும் பார்ட்டிக்கு 4 பேர். பாத் ஆஃப் எக்ஸைலில் 6 பேர்.

கிரிம் டான், டார்ச்லைட் 2, டைட்டன் குவெஸ்ட் போன்றவற்றில் யாராவது ஒருவர் ஹோஸ்ட் ஆக வேண்டும். அவருடைய கணினியில்தான் உலகம் ஓடும். மற்றவர்கள் பட்டியலில் அந்த ஆட்டத்தைப் பார்த்துச் சேருவார்கள். கிரிம் டானில் 4 பேர், டார்ச்லைட் 2-இல் 6 பேர். ஹோஸ்ட் வெளியேறினால் ஆட்டம் பெரும்பாலும் அங்கேயே முடிந்துவிடும்.

மான்ஸ்டர் ஹன்டர், நியோ போன்றவை வேட்டை வேட்டையாக, மிஷன் மிஷனாகச் சேர்க்கும். முடிந்ததும் பிரிந்துவிடலாம். புதிய ஆட்களோடு பழக இதைவிட எளிய முறை இல்லை என்பது என் எண்ணம். அரை மணி நேரத்துக்குள் ஒரு வேட்டை முடிந்துவிடும், பிடிக்கவில்லை என்றால் யாரும் யாருக்கும் விளக்கம் சொல்ல வேண்டியதில்லை.

கடைசி வகை சோல்ஸ் கேம்கள். டார்க் சோல்ஸ், எல்டன் ரிங் ஆகியவற்றில் பார்ட்டி என்ற ஒன்றே இல்லை. உதவ வருபவர் தரையில் ஒரு குறி இடுவார். ஹோஸ்ட் அதைத் தொட்டு அவரைத் தன் உலகத்துக்கு அழைப்பார். அந்தப் பகுதியின் பாஸ் (பெரிய எதிரி) செத்ததும் வந்தவர் தன் உலகத்துக்குத் திரும்பிவிடுவார். ஹோஸ்டுக்குத்தான் கதை நகரும், உதவியவருக்கு நகராது. இது தெரியாமல் இரண்டு நண்பர்கள் சேர்ந்து வாங்கிவிட்டு, 'ஒவ்வொரு பாஸையும் இரண்டு தடவை அடிக்க வேண்டுமா?' என்று கேட்பது வழக்கம். ஆமாம், அடிக்க வேண்டும்.

படி 2: அறை பொருந்துகிறதா என்று பாருங்கள்

இந்தப் படியைத்தான் பலர் தாண்டிப் போகிறார்கள். பாதித் தோல்வி இங்கேதான் நடக்கிறது.

முதலில் கிராஸ்பிளே, அதாவது வேறு வேறு கருவிகளில் இருப்பவர்கள் சேர்ந்து ஆடுவது. டயப்லோ 4-இல் பிசி, பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ் மூன்றிலும் இருப்பவர்கள் சேர்ந்து ஆடலாம். 2025 பிப்ரவரியில் வந்த மான்ஸ்டர் ஹன்டர் வைல்ட்ஸிலும் முடியும். அதற்கு முந்தைய மான்ஸ்டர் ஹன்டர் வேர்ல்டில் முடியாது. எல்டன் ரிங்கில் பிஎஸ்4-உம் பிஎஸ்5-உம் சேரும், எக்ஸ்பாக்ஸின் இரண்டு தலைமுறைகளும் சேரும், ஆனால் பிசியும் பிளேஸ்டேஷனும் சேராது. டயப்லோ 2 ரிசரெக்டட் இன்னும் குழப்பும்: உங்கள் கதாபாத்திரத்தைப் பிசியிலும் கன்சோலிலும் எடுத்து ஆடலாம், ஆனால் பிசிக்காரரும் கன்சோல்காரரும் ஒரே ஆட்டத்தில் இருக்க முடியாது. 'கிராஸ் புரொக்ரஷன்' என்று பெட்டியில் போட்டிருந்தால் அது கிராஸ்பிளே ஆகிவிடாது.

அடுத்தது சர்வர் பிராந்தியம். கென்ஷின் இம்பாக்ட்டில் கணக்கே பிராந்தியத்தோடு கட்டப்பட்டிருக்கிறது. ஆசியா சர்வரில் வளர்த்த கதாபாத்திரத்தோடு ஐரோப்பா சர்வர் நண்பரைச் சந்திக்க முடியாது. அங்கே போனால் முதல் லெவலிலிருந்துதான் தொடங்க வேண்டும். அது போதாது என்று, அட்வென்ச்சர் ரேங்க் 16 வரும் வரை கோ-ஆப் (சேர்ந்து ஆடும் முறை) கதவே திறக்காது. திறந்த பிறகும், உங்கள் உலக லெவலுக்குச் சமமான அல்லது குறைந்த உலகத்துக்குத்தான் நீங்கள் போகலாம். மேலே இருப்பவர் கீழே வரலாம், கீழே இருப்பவர் மேலே ஏற முடியாது. ஆகவே கூட ஆட ஆசைப்படுபவர்களில் யாருடைய உலகம் கீழே இருக்கிறதோ அவர்தான் ஹோஸ்ட்.

பிறகு ஆட்ட முறை. டயப்லோ 4-இல் சீசன் (எல்லோரும் புதிதாகத் தொடங்கும் தற்காலிகச் சுற்று) கதாபாத்திரமும் எடர்னல் (நிரந்தர) கதாபாத்திரமும் ஒரே பார்ட்டியில் ஆட முடியாது. ஹார்ட்கோரும் (செத்தால் கதாபாத்திரம் திரும்பாத முறை) சாதா முறையும் அப்படியே. பாத் ஆஃப் எக்ஸைலில் லீக் (அங்கே சீசனுக்கு அதுதான் பெயர்) ஒன்றாக இருக்க வேண்டும். லாஸ்ட் எபாக்கில் கதாபாத்திரத்தை உருவாக்கும் முன்பே ஆஃப்லைனா ஆன்லைனா என்று தேர்ந்தெடுக்க வேண்டும். ஆஃப்லைன் என்று அழுத்திவிட்டால் அந்தக் கதாபாத்திரம் எண்பதாம் லெவலில் இருந்தாலும் நண்பரோடு ஆன்லைனில் சேராது. எப்போதாவது கூட்டாக ஆடும் எண்ணம் துளி இருந்தாலும் ஆன்லைனைத் தேர்ந்தெடுங்கள். தனியாக ஆடுவதை அது தடுப்பதில்லை.

மோட்களும் (ரசிகர்கள் கேமில் செய்யும் மாற்றங்கள்) ஒரு சுவர். டார்ச்லைட் 2-இல் மோட் போட்டு ஆடுபவரும் போடாதவரும் சேர வேண்டுமென்றால் இருவரிடமும் ஒரே மோட் பட்டியல் இருக்க வேண்டும். கேமின் பதிப்பு எண் மாறியிருந்தாலும் இதே கதைதான். அப்டேட் வந்த அன்று இணைய முடியவில்லை என்றால், வேறெதையும் தொடுவதற்கு முன்னால் இருவரின் பதிப்பு எண்ணையும் ஒப்பிடுங்கள்.

லெவல் வித்தியாசத்தில் மிகவும் சிக்கலானது எல்டன் ரிங். பாஸ்வேர்டு இல்லாமல் குறி போட்டால், ஹோஸ்டின் லெவலிலிருந்து ஏறத்தாழ 10 சதவீதமும் அதற்கு மேல் ஒரு 10 லெவலும் தள்ளி இருப்பவர்கள் வரைதான் கண்ணில் படுவார்கள். அதோடு ஆயுதத்தை எவ்வளவு மேம்படுத்தியிருக்கிறீர்கள் என்பதும் கணக்கில் வரும். லெவலைக் குறைவாக வைத்துக்கொண்டு ஆயுதத்தை மட்டும் உச்சத்துக்கு ஏற்றியவருக்கு ஒரு குறியும் தென்படாது. கேமோ காரணம் சொல்லாது. மல்டிபிளேயர் அமைப்பில் பாஸ்வேர்டு ஒன்றை இருவரும் ஒரே மாதிரி இட்டால் இந்த எல்லைகள் விலகிவிடும். லெவல் அதிகமான விருந்தாளியின் பலத்தை கேம் தானே குறைத்துக்கொள்ளும். தெரிந்தவரோடு ஆடுவதென்றால் யோசிக்காமல் பாஸ்வேர்டு போடுங்கள். பெரிய எழுத்து, சின்ன எழுத்து, இடைவெளி எல்லாம் அச்சு அசலாக ஒன்றாக இருக்கட்டும்.

கதை முன்னேற்றம் கடைசிச் சுவர். மான்ஸ்டர் ஹன்டர் வேர்ல்டில் கதை வேட்டை ஒன்றில் புதிய விலங்கு அறிமுகமாகும் காட்சியை நீங்கள் பார்த்து முடிக்கும் வரை வேறு யாரும் உள்ளே வர முடியாது. நண்பரும் அதே காட்சியைத் தன் ஆட்டத்தில் பார்த்திருக்க வேண்டும். அதனால் இருவரும் தனித்தனியாக வேட்டையைத் தொடங்கி, காட்சியைப் பார்த்துவிட்டு, ஒருவர் வெளியேறி மற்றவரின் வேட்டையில் சேர வேண்டும். அபத்தமான ஏற்பாடுதான். தெரிந்துகொண்டால் இரண்டு நிமிடத்தில் முடியும், தெரியாவிட்டால் ஒரு மாலை போய்விடும்.

கன்சோலில் இன்னொன்று: விலை கொடுத்து வாங்கிய கேமை ஆன்லைனில் ஆட பிளேஸ்டேஷனில் பிஎஸ் பிளஸ் சந்தா வேண்டும், எக்ஸ்பாக்ஸிலும் ஸ்விட்சிலும் அவற்றுக்கான சந்தா வேண்டும். பாத் ஆஃப் எக்ஸைல், கென்ஷின் போன்ற இலவச கேம்களுக்கு பிஎஸ் பிளஸ் தேவையில்லை.

படி 3: வெளியே போவதற்கு முன் கேமுக்குள்ளேயே தேடுங்கள்

கேமே தரும் வசதியை மக்கள் சரியாகப் பார்ப்பதில்லை, ஏனென்றால் அது எங்கோ ஒரு மெனுவின் அடியில் இருக்கும். டயப்லோ 4-க்கு 'பார்ட்டி ஃபைண்டர்' 2024 அக்டோபரில் வந்த விரிவாக்கத்தோடுதான் வந்தது. அதற்கு முன் வாங்கியவர்களில் சிலருக்கு அப்படி ஒன்று இருப்பதே தெரியாது. அந்த விரிவாக்கத்தின் டார்க் சிட்டாடல் தனி ஆளாகப் போக முடியாத இடம், குறைந்தது இருவர் வேண்டும். அதனால் அதற்கு ஆள் தேடுபவர்கள் ஃபைண்டரில் இருப்பார்கள்.

பாத் ஆஃப் எக்ஸைலில் பொதுப் பார்ட்டிகளின் அறிவிப்புப் பலகை இருக்கிறது. அரட்டைச் சேனல்கள் எண் வாரியாகப் பிரிந்திருக்கின்றன. நீங்கள் இருக்கும் சேனல் அமைதியாக இருந்தால் எண்ணை மாற்றிப் பாருங்கள். மான்ஸ்டர் ஹன்டரில் எஸ்ஓஎஸ் ஃப்ளேர் (உதவி கேட்கும் சுடர்). வேட்டைக்கு நடுவில் அதைச் சுட்டால் உங்கள் வேட்டை மற்றவர்களின் பட்டியலில் ஏறும். ஆள் கிடைக்க வேண்டுமானால் நீங்களும் பட்டியலைத் திறந்து மற்றவர்களின் ஃப்ளேருக்குப் போங்கள். உதவி கேட்பவரைவிட உதவப் போகிறவருக்குத்தான் சீக்கிரம் ஆட்டம் கிடைக்கிறது. சோல்ஸ் கேம்களிலும் இது உண்மை. எல்டன் ரிங்கில் சாலையோரம் நிற்கும் தியாகிச் சிலைகளை முதலில் இயக்கிவிட்டு, சிறிய தங்க உருவத்தைப் பயன்படுத்தினால் உங்கள் குறி அருகிலுள்ள பல இடங்களுக்குப் போகும். பாஸ் வாசலில் காத்துக்கொண்டு நிற்காமல், நீங்கள் பாட்டுக்குச் சுற்றிக்கொண்டிருக்கலாம்.

எங்கே குறி இடுகிறோம் என்பதும் முக்கியம். கதையின் கட்டாய பாஸ் வாசலில் எப்போதும் கூட்டம். ஓரத்துக் குகையில் ஆளே வரமாட்டார்கள். கேட்பவராக இருந்தால் கூட்டமுள்ள வாசலில் கேளுங்கள். ஓரத்து இடங்களைத் தெரிந்த நண்பரோடு பாஸ்வேர்டு போட்டு ஆட வைத்துக்கொள்ளுங்கள்.

டயப்லோ 2-இல் ஒரு பழைய வழக்கம் இன்னும் உயிரோடு இருக்கிறது. ஒருவர் 'பால் ரன் 1' என்ற மாதிரிப் பெயரில் ஆட்டம் திறப்பார், கடைசி பாஸான பாலை (Baal) அடித்ததும் அதை மூடிவிட்டு 'பால் ரன் 2' திறப்பார். 8 பேர் வரை இருக்கலாம். எண்ணைப் பார்த்து அடுத்ததில் நீங்கள் நுழையலாம். யாரோடும் ஒரு வார்த்தை பேச வேண்டாம், கூச்சமுள்ளவர்களுக்கு ஏற்ற ஏற்பாடு. நாலைந்து ஆட்டம் தொடர்ந்து ஒரே பெயர் கண்ணில் பட்டால் அவருக்கு நட்பு அழைப்பு அனுப்பலாம்.

படி 4: அழைப்பை எப்படி எழுதுவது

கேமுக்குள் கிடைக்காவிட்டால் வெளியே போக வேண்டியதுதான். அரட்டைச் செயலியான டிஸ்கார்டில் கேமின் அதிகாரபூர்வ சர்வரில் ஆள் தேடுவதற்கென்றே சேனல் இருக்கும், பெரும்பாலும் 'எல்எஃப்ஜி' (குழு தேடுகிறேன் என்பதன் ஆங்கிலச் சுருக்கம்) என்ற பெயரில். கேமுக்கு மட்டுமேயான ரெட்டிட் குழுக்களும் உண்டு: பிளட்போர்னுக்கு 'ஹன்டர்ஸ்பெல்', எல்டன் ரிங்குக்கு 'பியாண்ட் த ஃபாக்' என்று. பல விளையாட்டுகளுக்கும் பொதுவான பெரிய சர்வர்களில் எனக்கு நம்பிக்கை குறைவு. அங்கே உங்கள் செய்தி இரண்டு நிமிடத்தில் மேலே ஏறி மறைந்துவிடும்.

இடத்தைவிட எழுதும் விதம் முக்கியம். 'யாராவது வரீங்களா?' என்று எழுதினால் படிப்பவர் பத்துக் கேள்வி கேட்க வேண்டியிருக்கும். அவர் கேட்கமாட்டார், கடந்து போவார். அவர் மனதில் எழும் கேள்விகளுக்கெல்லாம் முன்கூட்டியே பதில் எழுதிவிடுங்கள். ஒரு மாதிரி:

'எல்டன் ரிங், ஸ்டீம், மோட் இல்லை. லெவல் 85, ஆயுதம் பிளஸ் 15. தலைநகரம் லெய்ண்டல் நுழைந்திருக்கிறேன். அங்கிருந்து கதை முடிவு வரை ஒருவரோடு சேர்ந்து போக ஆசை. இருவர் உலகத்திலும் பாஸை அடிக்கலாம். சனி, ஞாயிறு யூடிசி 14:00 முதல் இரண்டு மணி நேரம். மைக் உண்டு, எழுதி ஆடுவதும் சரி. முதல் தடவை ஆடுகிறேன், அடுத்து வருவதைச் சொல்லிவிடாதீர்கள்.'

இதில் கடைசி இரண்டு வாக்கியங்கள்தான் ஆளைப் பிடிக்கும். லெவலும் சர்வரும் பொருந்துபவர் நூறு பேர் இருப்பார்கள். மெதுவாகச் சுற்றிப் பார்த்து ஆடுபவரா, வழிகாட்டிப் பக்கத்தைத் திறந்து வைத்துக்கொண்டு ஓடுபவரா என்பதில்தான் கூட்டணிகள் உடைகின்றன. 'ஜாலியாக ஆடலாம்' என்பது எதையும் சொல்வதில்லை. 'காட்சிகளைத் தாண்ட மாட்டேன்', 'பில்ட் (திறன், ஆயுதச் சேர்க்கை) கணக்குப் போடுவது பிடிக்கும்', 'செத்தால் சிரிப்பவர் வேண்டும்' போன்றவை ஒருவரைக் கண்முன் நிறுத்துகின்றன.

நேரத்தை யூடிசியில் (உலகப் பொது நேரம்) எழுதுங்கள். டிஸ்கார்டில் நேரக்குறி போட்டால் படிப்பவருக்கு அவருடைய ஊர் நேரத்திலேயே தெரியும். மாலை 7 மணி என்று மட்டும் எழுதினால் யாருடைய மாலை என்று தெரியாது.

செய்தியைப் போட்டுவிட்டு காத்திருப்பதோடு, அதே இடத்தில் ஏற்கெனவே கேட்டிருப்பவர்களின் பதிவுகளை இரண்டு மூன்று நாள் பின்னோக்கிப் படியுங்கள். பொருந்தும் ஒருவர் அநேகமாக அதில் இருப்பார், அவருக்கு யாரும் பதில் சொல்லியிருக்கமாட்டார்கள். எல்லோரும் கேட்கிறார்கள், பதில் சொல்பவர்கள் கொஞ்சம் பேர்.

இங்கேயே எச்சரிக்கையும். புதிதாக அறிமுகமானவர் 'உறுதிப்படுத்த இந்த க்யூஆர் குறியை ஸ்கேன் செய்யுங்கள்' என்றால் செய்யாதீர்கள்; டிஸ்கார்டில் அது உங்கள் கணக்குக்குள் அவரை நுழைய விடும் உள்நுழைவுக் குறியாக இருக்கலாம். 'தவறுதலாக உங்கள் ஸ்டீம் கணக்கைப் புகார் செய்துவிட்டேன், இவரிடம் பேசுங்கள்' என்பதும் பல வருடமாகச் சுற்றிவரும் மோசடி. கூட ஆட ஒருவருக்கு உங்கள் கேம் பெயர் போதும். உண்மைப் பெயர், ஊர், படம் எதுவும் தேவையில்லை.

படி 5: எப்போது தேடுவது

சீசன் அல்லது லீக் உள்ள கேம்களில் தொடங்கிய முதல் இரண்டு வாரம்தான் அறுவடைக் காலம். எல்லோரும் முதல் லெவலில், எல்லோரும் ஏழை, யாரும் யாரையும் முந்தியிருக்கவில்லை. அப்போது கேட்டால் உடனே கிடைக்கும். சில வாரம் கழித்து அதே சேனலில் கேட்டால், இருப்பவர்கள் மிக உயரத்தில் இருப்பார்கள், மற்றவர்கள் அடுத்த கேமுக்குப் போயிருப்பார்கள். பெரிய விரிவாக்கம் வெளியாகும் நாள், தள்ளுபடி விற்பனை வாரம் ஆகியவையும் புதிய ஆட்களைக் கொண்டுவரும்.

ஸ்டீம்டிபி, ஸ்டீம் சார்ட்ஸ் தளங்களில் எந்த மணியில் கூட்டம் ஏறுகிறது என்று பார்க்கலாம். அங்கே தெரியும் எண்ணிக்கை ஸ்டீமில் ஆடுபவர்களுடையது மட்டும், அதில் தனியாக ஆடுபவர்களும் அடக்கம். ஆகவே எண்ணைவிட வளைவைப் பாருங்கள். உச்சத்தைத் தொடுவதற்கு ஒரு மணி நேரம் முன்பு செய்தி போடுவது நல்லது.

படி 6: தூரமும் இணைப்பும்

ஒளியிழையில் ஒளி விநாடிக்கு ஏறத்தாழ 2 லட்சம் கிலோமீட்டர் ஓடும். அதாவது 1000 கிலோமீட்டர் தூரத்துக்குப் போய்வர குறைந்தது 10 மில்லிவிநாடி. 8000 கிலோமீட்டர் தள்ளி இருப்பவரோடு எந்த இணைப்பை வாங்கினாலும் பிங் (தகவல் போய்வரும் நேரம், மில்லிவிநாடியில்) 80-க்குக் கீழே போகாது. கேபிள் வளைந்து வளைந்து போவதால் உண்மையில் இன்னும் கூடும். உருண்டு தப்பிக்க வேண்டிய சோல்ஸ் வகை கேமில் இது உறுத்தும். கூட்டமாக அரக்கர்களை வெட்டித் தள்ளும் கேமில் பெரிதாகத் தெரியாது. பாத் ஆஃப் எக்ஸைலில் இணைப்பு முறையை 'லாக்ஸ்டெப்'பிலிருந்து 'பிரிடிக்டிவ்' ஆக மாற்றினால் பிங் அதிகமாக இருக்கும்போதும் ஓட்டம் சீராக இருக்கும்.

ஹோஸ்ட் முறை கேமில் நல்ல அப்லோட் வேகமும் கம்பி இணைப்பும் உள்ளவர் ஹோஸ்ட் ஆகட்டும். சேர முடியவில்லை என்றால் நேட் வகையை (வெளியிலிருந்து வரும் இணைப்பை உங்கள் ரவுட்டர் எவ்வளவு அனுமதிக்கிறது என்பதை) பாருங்கள்: பிளேஸ்டேஷனில் 3 என்றும் எக்ஸ்பாக்ஸில் ஸ்ட்ரிக்ட் என்றும் காட்டினால் அதுதான் தடை. ரவுட்டரில் யுபிஎன்பியை (கேமுக்கு வேண்டிய வழியை ரவுட்டர் தானே திறக்கும் வசதி) இயக்கிப் பாருங்கள். இணைய நிறுவனம் பல வீடுகளை ஒரே பொது முகவரியின் பின்னால் வைத்திருந்தால் நீங்கள் ரவுட்டரில் என்ன செய்தாலும் பலன் இருக்காது. வேறொருவரை ஹோஸ்ட் ஆக்குங்கள், அல்லது லான் (ஒரே வீட்டு வலையில் ஆடும்) வசதியுள்ள கேமானால் ஜீரோடியர், ராட்மின் விபிஎன் போன்றவற்றால் எல்லோரையும் ஒரே வலையில் சேருங்கள்.

படி 7: முதல் ஆட்டம்

முதல் சந்திப்பைச் சின்னதாக வையுங்கள். ஒரு டங்ஜன் (நிலவறை), ஒரு பாஸ், இரண்டு வேட்டை, அவ்வளவுதான். நான்கு மணி நேரம் என்று திட்டமிட்டால் இருவரில் ஒருவருக்குப் பாதியில் கிளம்பத் தோன்றும், சொல்லச் சங்கடமாக இருக்கும். இணைப்பு வேலை செய்கிறதா என்று பதினைந்து நிமிடம் முன்பே பார்த்துவிடுங்கள்.

தொடங்குவதற்கு முன் லூட் (எதிரிகளிடமிருந்து விழும் பொருள்) பற்றி ஒரு வரி பேசுங்கள். டயப்லோ 4-இல் ஒவ்வொருவருக்கும் விழுவது தனித்தனி, சண்டையில்லை. டயப்லோ 2-இல் தரையில் விழுவது முதலில் அழுத்தியவருக்கு. நல்ல மனிதர்கள்கூட அந்த அரை நொடியில் வேறு ஆளாகிவிடுவார்கள். பாத் ஆஃப் எக்ஸைலில் பார்ட்டித் தலைவர் பங்கீட்டு முறையைத் தேர்ந்தெடுக்கலாம். நிரந்தர ஒதுக்கீடு என்று வைத்தால், ஒருவர் பெயரில் விழுந்ததை அடுத்தவர் எடுக்க முடியாது. புதியவர்களோடு ஆடும்போது அதுவே நல்லது.

எதிரிகள் பலமாவார்கள் என்பதையும் எதிர்பாருங்கள். டயப்லோ 2-இல் ஆள் சேரச் சேர அரக்கர்களின் உயிர் கூடிக்கொண்டே போகும். மான்ஸ்டர் ஹன்டர் வேர்ல்டில் ஆரம்பத்தில் தனியாள் அளவு, கூட்டு அளவு என்று இரண்டுதான் இருந்தன. இருவராகப் போனாலும் நால்வருக்கான விலங்கு வரும். 2019-இல் வந்த ஐஸ்போர்ன் விரிவாக்கம்தான் இருவருக்கென்று தனி அளவைக் கொண்டுவந்தது. கூட ஒருவர் இருந்தால் எளிதாகிவிடும் என்று நம்பி இறங்கினால், இருவரும் சேர்ந்து தோற்பது நடக்கும்.

இதையெல்லாம்விடப் பெரிய சிக்கல், ஒருவர் மிகவும் முன்னே போய்விடுவது. லெவல் அதிகமானவர் ஓடிப்போய் எல்லாவற்றையும் கொன்றுவிட, மற்றவர் பின்னால் வந்து பொறுக்கிக்கொண்டு நிற்பார். உதவி என்று நினைத்துத்தான் செய்வார், ஆனால் பின்னால் வருபவருக்கு கேமே தீர்ந்துவிடும். இதற்கு ஒரே நல்ல வழி, இருவரும் அந்தக் கூட்டணிக்கென்றே புதுக் கதாபாத்திரம் உருவாக்கி, அதைத் தனியாகத் தொடாமல் வைப்பது. தனியாக ஆட ஆசை வந்தால் வேறு கதாபாத்திரம் இருக்கிறதே. கதாபாத்திர வகைகளை முன்பே பேசி வேறு வேறாக எடுத்தால் ஒரே பொருளுக்கு இருவரும் ஆசைப்படுவதும் குறையும். இதைச் செய்யாத கூட்டணி அபூர்வமாகத்தான் கதை முடியும் வரை போகிறது.

ஹார்ட்கோர் ஆடுபவர்கள் இன்னொன்றையும் பேசிக்கொள்ள வேண்டும்: ஆபத்து வந்தால் யார் முதலில் ஓடலாம்? கதாபாத்திரம் செத்தால் திரும்பாத முறையில் நண்பரை விட்டு ஓடுவது துரோகமா புத்திசாலித்தனமா என்று நடுச்சண்டையில் விவாதிக்க முடியாது.

படி 8: கிடைத்தவரை விட்டுவிடாதீர்கள்

ஆட்டம் முடிந்து லாபி மூடுவதற்கு முன்பே நட்பு அழைப்பை அனுப்புங்கள். மறந்துவிட்டால் ஸ்டீம், பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ் மூன்றிலும் சமீபத்தில் கூட ஆடியவர்களின் பட்டியல் இருக்கும், அதிலிருந்து பிடிக்கலாம். அடுத்த நாளே ஒரு செய்தி: 'நேற்று நன்றாக இருந்தது, சனிக்கிழமை அதே நேரம் வருகிறீர்களா?' நாளும் நேரமும் இருக்க வேண்டும். 'மறுபடி ஆடலாம்' என்பதற்கு எல்லோரும் 'சரி' என்பார்கள், யாரும் வரமாட்டார்கள்.

வாரத்தில் ஒரே நாள், ஒரே நேரம் என்று வைத்தால் தேடும் வேலையே குறைந்துவிடும். வெவ்வேறு கண்டங்களில் இருப்பவர்கள் சேர்ந்தால் ஒன்றைக் கவனியுங்கள்: ஐரோப்பாவிலும் வட அமெரிக்காவிலும் பெரும்பாலான இடங்களில் வருடத்தில் இரண்டு முறை கடிகாரத்தை மாற்றுகிறார்கள், இரண்டு கண்டத்திலும் ஒரே நாளில் அல்ல. மார்ச் மாதத்திலும் அக்டோபர் கடைசியிலும் 'ஏன் வரவில்லை' என்று கோபப்படும் முன் நேரத்தை ஒப்பிடுங்கள்.

நால்வர் பார்ட்டிக்கு ஐந்தாறு பேர் தெரிந்திருப்பது பாதுகாப்பு. யாராவது ஒருவருக்கு எப்போதும் வேலை வரும். இருவராக உறுதியாகத் தொடங்கி ஒவ்வொருவராகச் சேர்ப்பதுதான் நிற்கிறது என்பது என் கணிப்பு. முதல் நாளே நால்வரையும் தேடிப்பிடித்து உருவாக்கிய பார்ட்டிகள் சீக்கிரம் கரைகின்றன. கில்ட், கிளான் (கேமுக்குள் இருக்கும் பெரிய சங்கங்கள்) எல்லாம் அதற்குப் பிறகு. டயப்லோ 4-இல் ஒரு கிளானில் 150 பேர் வரை இருக்கலாம், ஆனால் அந்த 150-இல் உங்களோடு சனிக்கிழமை ஆடப்போவது மூன்று பேர்தான்.

ஒத்துவராத ஆளும் வருவார். இரண்டு முறை ஆடி எரிச்சல்தான் மிச்சம் என்றால், 'என் நேரம் மாறிவிட்டது, வேறு ஆள் பாருங்கள்' என்று சொல்லிவிட்டுக் கிளம்பலாம். வசை பேசுபவருக்கு அந்த மரியாதையும் வேண்டாம், தடுத்துவிடுங்கள்.

பழைய கேமுக்கு ஆள் தேடினால்

முதலில் சர்வர் உயிரோடு இருக்கிறதா என்று பாருங்கள். பிஎஸ்3-இல் வந்த டீமன்ஸ் சோல்ஸின் சர்வர் 2018 பிப்ரவரி 28-இல் மூடப்பட்டது. பிசியில் டார்க் சோல்ஸ் கேம்களின் சர்வர்கள் 2022 ஜனவரியில் பாதுகாப்புக் குறை காரணமாக நிறுத்தப்பட்டன. மூன்றாம் பாகம், இரண்டாம் பாகம், ரீமாஸ்டர்ட் ஆகியவை அதே வருடத்தின் பின்பாதியில் ஒவ்வொன்றாகத் திரும்பின, முதல் பாகத்தின் பழைய பிசி பதிப்பு மட்டும் திரும்பவில்லை. அந்தப் பதிப்பை வைத்துக்கொண்டு குறி தேடுபவருக்கு எதுவும் கிடைக்காது, ரீமாஸ்டர்ட்தான் வழி.

சர்வர் இருந்தும் ஆள் குறைவு என்றால், ரசிகர்கள் எல்லோரும் சேர்ந்து ஒரு தேதியில் பழைய கேமுக்குத் திரும்பும் கூட்டு ஆட்டங்களைக் கவனியுங்கள். சோல்ஸ் கேம்களுக்கும் பிளட்போர்னுக்கும் இவை வழக்கமாக நடக்கின்றன. புதுக் கதாபாத்திரத்தோடு முதல் நாளே இறங்கினால், ஒவ்வொரு பாஸ் வாசலிலும் உங்கள் லெவலிலேயே ஆள் இருப்பார்கள். கேமில் ஒரே திரையில் சேர்ந்து ஆடும் வசதி இருந்தால் ஸ்டீமின் 'ரிமோட் பிளே டுகெதர்' இன்னும் எளிது. ஒருவரிடம் கேம் இருந்தால் போதும். அவருடைய திரை மற்றவருக்கு ஓடும், அவர் தன் கன்ட்ரோலரால் இரண்டாவது ஆட்டக்காரராகச் சேரலாம். கேம் பிடிக்குமா என்று தெரியாத நண்பரை இழுத்துவர இதை முதலில் முயன்று பாருங்கள்; பிடித்துப்போனால் அவரே ஒரு பிரதி வாங்கிக்கொள்வார்.